அம்மாவின் தமிழுக்குக் கீழே ஓடிய எழுத்து

நான் இலங்கையில் பிறந்தவள். கைக்குழந்தையாக இருந்த என்னைத் தூக்கிக்கொண்டு அம்மா படகில் வந்து இறங்கினார். முதலில் முகாம், பிறகு தஞ்சாவூரில் வாடகை வீடு. இன்றுவரை எனக்குப் பாஸ்போர்ட் கிடையாது. நாங்கள் படகேறிய கரைக்குப் போய்ப் படம்பிடிக்க வழியில்லை. அந்த நாளின் புகைப்படம் ஒன்றுகூட எங்களிடம் இல்லை. அதனால்தான் அந்தப் பயணத்தை அனிமேஷன் படமாக எடுத்தேன். கரியால் வரைந்து, படமெடுத்து, கொஞ்சம் அழித்து, மறுபடி வரைவேன். தண்ணீர் எப்படி அசைகிறது என்று பார்க்க முத்துப்பேட்டை அலையாத்திக் காட்டுக்குப் பஸ் ஏறிப் போனேன். படத்தில் குரல் முழுக்க அம்மாவுடையது. சமையலறையில் உட்காரவைத்து, ஃபேனை நிறுத்திவிட்டுப் பதிவு செய்தோம்.

தஞ்சாவூரில் ஒரு கல்லூரியில் அதைத் திரையிடக் கேட்டார்கள். ஏற்பாடு செய்த பேராசிரியர் ஃபோனில் சொன்னார்: "படம் அருமைங்க. அம்மா பேசுறத மட்டும் நம்ம தமிழ்ல டப் பண்ணிடலாமா? பசங்களுக்குப் புரியணும்ல."

நம்ம தமிழாம். முடியாது என்றேன்.

திரையிடலன்று அம்மாவை முன்வரிசையில் உட்காரவைத்தேன். படத்தில் அம்மாவின் குரல், "கெதியா வெளிக்கிடுங்கோ" என்றது. திரையின் அடியில் மஞ்சள் எழுத்து ஓடியது: 'சீக்கிரம் கிளம்புங்கள்.' தமிழுக்குத் தமிழில் சப்டைட்டில்! என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் சேர்த்திருந்தார்கள். அம்மா "தண்ணி" என்றதற்குக்கூட 'தண்ணீர்' என்று வந்தது.

அம்மா என் பக்கம் சாய்ந்தார். "என்ன பிள்ளை, நான் கதைக்கிறது தமிழ் இல்லையோ?"

வீடு மாறும்போதெல்லாம் காவல் நிலையத்தில் போய் நின்று நாங்கள் யார் என்று சொல்லியிருக்கிறோம். என் பேச்சைக் கேட்டுப் பள்ளியில் சிரித்தார்கள் என்று, அம்மாவின் தமிழை வீட்டுக்குள் வைத்துவிட்டு வெளியே இந்த ஊர்த் தமிழ் பேசப் பழகியவள் நான். அதையெல்லாம் பொறுத்தேன். இதைப் பொறுக்க முடியவில்லை. எழுந்து போய்ப் படத்தை நிறுத்தினேன்.

"என்னங்க பண்றீங்க?" பேராசிரியர் பதறி ஓடிவந்தார்.

"இந்த எழுத்த எடுங்க சார்."

"ஒரு உதவிக்குத்தாங்க போட்டோம். தப்பா எடுத்துக்காதீங்க."

"எங்கம்மா தமிழ்லதான் பேசுறாங்க. காது குடுத்துக் கேக்கச் சொல்லுங்க. கேக்க முடியாதவங்க வெளிய போகட்டும்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். என் பென்டிரைவில் இருந்த படத்தை நானே போட்டு, முதலிலிருந்து ஓட்டினேன். ஒருவரும் எழுந்து போகவில்லை. படகு கவிழப் பார்த்த இடத்தில் அரங்கில் இருமல் சத்தம்கூட இல்லை. புரியாமலா?

முடிந்ததும் ஒரு மாணவி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க தமிழ் கேக்கவே ஸ்வீட்டா இருக்கு ஆன்ட்டி" என்றாள். அம்மா சிரித்தார். எனக்கு அதற்கும் கோபம்தான் வந்தது. கடலில் சாகக் கிடந்த கதையைச் சொன்னவருக்குக் கிடைத்த பாராட்டு அது.

சில நாள் கழித்துப் பேராசிரியர் மறுபடி கூப்பிட்டார். திருவையாற்றில் இன்னொரு திரையிடல் இருக்கிறதாம். எழுத்து எதுவும் இருக்காதாம். படத்துக்கு முன்னால் நான் மேடையேறி, இலங்கைத் தமிழ் பற்றிச் சின்னதாக ஒரு அறிமுகம் தந்தால் போதுமாம்.

"நீங்க உங்க தமிழுக்கு அறிமுகம் குடுத்துட்டுத்தான் பேச ஆரம்பிப்பீங்களா சார்?" என்று கேட்டேன். படத்தைத் தரமாட்டேன் என்று சொல்லி ஃபோனை வைத்துவிட்டேன்.

"குடுத்திருக்கலாம் பிள்ளை. சனம் பாத்திருக்கும்தானே" என்றார் அம்மா.

அன்று முழுக்க நான் அம்மாவோடும் பேசவில்லை.