வாத்தியார் மந்திரியும் தட்டைப் பாதங்களும்

பாதுகாப்பு அமைச்சகத்தில் எத்தனையோ மந்திரிகளுக்கு நான் காரியதரிசியாக இருந்திருக்கிறேன். பெரும்பாலோர் ஜெனரல்கள். அவர்களுடைய முகங்களெல்லாம் இப்போது ஒன்றோடொன்று குழம்பிவிட்டன. பதக்கங்கள்தான் நினைவில் இருக்கின்றன. மின்கோ தமியானவ் ஒருவர் மட்டும் மனசை விட்டுப் போகவே இல்லை. அவரிடம் பதக்கம் ஒன்றும் கிடையாது. இடது காதும் கேட்காது.

பல்கேரியாவில் கம்யூனிஸ்ட் கட்சி ஆட்சி கவிழ்ந்த பிறகு, தலைநகர் சோஃபியாவில் மாதத்துக்கு ஒரு நெருக்கடி. கூட்டணியில் இருந்தவர்கள் யாரும் யாரையும் நம்பவில்லை. பட்டாளத்தை எதிராளியின் கையில் கொடுத்துவிடக் கூடாது என்று எல்லோரும் அடித்துக்கொண்டு, கடைசியில் யாருக்கும் தொந்தரவு தராத ஆளாகத் தேடிப் பிடித்துக்கொண்டு வந்தார்கள். கப்ரோவோவில் பூகோள வாத்தியார். அந்தக் காதால் ஒரு நாள்கூடப் பட்டாளத்தில் இருந்ததில்லை. பழைய ஆட்சியில் ஏதோ வாய்விட்டுப் பேசியதற்காக மலைக்கிராமத்துப் பள்ளிக்குத் தூக்கி அடிக்கப்பட்டவர். தொந்தரவு தராத ஆள்! அவர்களுடைய கணக்கை நினைத்தால் இன்றைக்கும் எனக்குச் சிரிப்பு வருகிறது.

முதல் நாள் காலை கையில் பாலாடைக்கட்டி வைத்துச் சுட்ட பனித்சாப் பொட்டலத்தோடு வந்தார். வாசலில் நின்ற காவலாள் விறைத்து நின்று, "வணக்கம் தோழர் மந்திரி!" என்று கத்திவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டான். தோழர் என்று யாரும் கூப்பிடக் கூடாதென்று அப்போதுதான் சுற்றறிக்கை வந்திருந்தது.

"பரவால்லப்பா. எங்க வீட்டம்மா இதைவிட மோசமா கூப்பிடுவா. சாப்பிட்டியா?" என்று கேட்டு, பொட்டலத்தைப் பிரித்துப் பாதியை அவன் கையில் வைத்தார்.

மாடியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த ஆள்சேர்ப்புப் பிரிவுத் தலைவர் ஜெனரல் ராஷ்கோவ், "வாத்தியார் வந்துட்டாருய்யா, எல்லாரும் வீட்டுப்பாடம் எழுதிட்டீங்களா?" என்றார். அன்றிலிருந்து அமைச்சகம் முழுக்க அவருக்கு வாத்தியார் என்பதே பெயர். கிண்டலாகத்தான் ஆரம்பித்தது. நானும்தான் சேர்ந்து சிரித்தேன்.

அந்தக் குளிர்காலத்தை மறக்க முடியுமா? மின்சாரம் வரும், போகும். அறைக்குள்ளேயே மேல்கோட்டைப் போட்டுக்கொண்டு தட்டச்சு செய்வேன். மந்திரி தாழ்வாரத்தில் நடந்துபோகும்போதே எரிகிற விளக்கையெல்லாம் அணைத்துக்கொண்டு போவார். கப்ரோவோக்காரர்களின் கஞ்சத்தனம் ஊரறிந்தது. அதைச் சொல்லிச் சொல்லி ஆளாளுக்குச் சிரித்தார்கள். ஜெனரல்களின் வேட்டை பங்களாவுக்கு அவர் பூட்டுப் போட்டதும் சிரிப்பு நின்றது. அதிகாரிகளின் தோட்ட வீட்டைக் கட்ட சிப்பாய்களை அனுப்பக் கூடாது என்று அடுத்த உத்தரவு. கொத்தனார் வேலை தெரிந்த ஒரு சிப்பாய், ஒரு கர்னலுக்கு இரண்டு வருஷமாகச் சுவர் எழுப்பிக்கொண்டிருந்தானாம். விஷயம் வெளியே வந்தபோது கர்னல் வீட்டில் மாடிப்படி மட்டும்தான் பாக்கி.

கூட்டங்களில் ஜெனரல்கள் கையெழுத்து, முத்திரை, மரபு, சோவியத் விதி என்று அடுக்குவார்கள். பிடிக்காத பேச்சு வந்தால் இவர் நாற்காலியை லேசாகத் திருப்பி இடது காதை அவர்கள் பக்கம் காட்டிவிடுவார். பேசி ஓய்ந்ததும், "சொன்னதெல்லாம் சரி. உத்தரவு எப்ப போகும்?" என்று கேட்பார்.

அந்த உத்தரவுகளில் ஒன்றுக்காகத்தான் இதையெல்லாம் எழுத உட்கார்ந்தேன். எங்கள் நாட்டில் பட்டாளம் இரண்டு விதம். ஒன்றில் துப்பாக்கி கொடுப்பார்கள். மற்றொன்று கட்டுமானப் படை, அங்கே மண்வெட்டி. எங்கள் நாட்டுச் சிறுபான்மையினரான துருக்கியரின் பெயர் உள்ளவனுக்கு மண்வெட்டிதான் என்று எங்கும் எழுதி வைக்கவில்லை. ஆனால் எல்லோருக்கும் தெரியும். இனிமேல் உடல் தகுதியையும் படிப்பையும் மட்டுமே பார்த்துப் பையன்களைப் பிரிக்க வேண்டும் என்று தமியானவ் எழுதினார். நான்தான் தட்டச்சு செய்தேன். ராஷ்கோவ் குதிகாலைத் தட்டி, "உத்தரவு!" என்றார். எனக்கு அந்தப் பணிவு கொஞ்சமும் பிடிக்கவில்லை.

வியாழக்கிழமைகளில் யார் வேண்டுமானாலும் மந்திரியை நேரில் பார்க்கலாம். அப்படி ஒரு வியாழக்கிழமை தெற்கே துருக்கியர் அதிகம் வாழும் கர்ஜாலி பக்கத்திலிருந்து முமின் என்று ஒரு கொத்தனார் வந்தார். கல்யாணக் கோட்டு, கழுத்து வரை பொத்தான், கையில் பக்லாவா இனிப்பு டப்பா. பக்கத்தில் நெட்டையாக மகன் எர்ஜான்.

"டப்பாவை உள்ளே கொண்டுபோகக் கூடாதுங்க," என்றேன்.

"அப்ப நீங்க சாப்பிடுங்கம்மா. என் சம்சாரம் ராத்திரி பூரா உக்காந்து பண்ணினது. திருப்பி எடுத்துட்டுப் போனா என்னை வீட்டுக்குள்ள விடமாட்டா."

மந்திரி உள்ளிருந்து எட்டிப் பார்த்து, "டப்பாவோட வாங்கய்யா," என்றார்.

முமின் உட்காரவில்லை. அழைப்பாணையை மேசைமேல் வைத்தார். "ஐயா, உங்க உத்தரவைப் பேப்பர்ல படிச்சேன். ஊர்ல நாலு பேருக்கு நானே படிச்சுக் காட்டினேன். என் பையன் துப்பாக்கி பிடிப்பான்னு காப்பிக்கடையில மார்தட்டிட்டேன். இப்ப பாருங்க. கட்டுமானப் படைன்னு வந்திருக்கு. தட்டைப் பாதமாம், ஓட நடக்க லாயக்கில்லையாம். எங்க ஊர்ல இந்த வருஷம் பத்துப் பதினஞ்சு பசங்க. அத்தனை பேருக்கும் தட்டைப் பாதம். துருக்கிக்காரன் வீட்டுல மட்டும் வர்ற வியாதி போல!"

"நீங்க எங்க இருந்தீங்க, பட்டாளத்துல?"

எங்கள் ஊரில் ஆண்கள் இரண்டு பேர் சேர்ந்தால் முதலில் கேட்கிற கேள்வி அதுதான். பதில் சொல்வதற்குள் முமினின் முகம் சுருங்கிவிட்டது. "மண்வெட்டிதாங்க. டேங்கு, பீரங்கின்னு மத்தவன் கதை அளக்கும்போது நான் எந்திரிச்சு வெளியே போயிடுவேன். பாலம் கட்டினோம், ரோடு போட்டோம், அதுல குறை ஒண்ணும் இல்லீங்க. ஆனா இவன நம்பி ஒரு துப்பாக்கி குடுக்க முடியாதுன்னு மூஞ்சிக்கு நேரா சொல்லிட்டாங்கல்ல? அது என்னோட போகட்டும். இவனுக்கு வேணாங்க." அவர் குரல் உடைந்தது. மகன் தரையைப் பார்த்துக்கொண்டே நின்றான்.

"தம்பி, நீ ஓடுவியா?" என்று கேட்டார் தமியானவ்.

"மாவட்டத்துல முதல் பரிசுங்க."

"தட்டைப் பாதத்தோடயா? பூட்ஸைக் கழட்டு."

தண்ணீர்க் கூஜாவை எடுத்து மந்திரியே அவன் உள்ளங்காலில் ஊற்றினார். பளபளவென்று மெழுகு போட்ட மரத்தரையில் பையன் கால் வைத்தான். எடுத்தான். குதிகால் தனி, முன்பாதம் தனி, நடுவில் மெலிசாய் ஒரு கோடு. டாக்டருக்குப் படிக்காத எனக்கே அது தட்டைப் பாதம் இல்லை என்று விளங்கியது.

"ராஷ்கோவைக் கூப்பிடுங்கம்மா."

ஜெனரல் வந்தார். தரையைப் பார்த்தார், வெறுங்காலோடு நின்ற பையனைப் பார்த்தார். "இது டாக்டர்கள் குழு எடுத்த முடிவு. நான் டாக்டர் இல்ல," என்றார்.

"நானும் இல்ல. நானும் கத்துக்கணும். நல்ல பாதம் எது, தட்டை எதுன்னு பாத்துடுவோம்." மந்திரி தன்னுடைய ஷூவைக் கழற்றினார். காலுறையில் பெருவிரல் எட்டிப் பார்த்தது. அதையும் கழற்றி, காலை நனைத்துத் தரையில் வைத்தார். நல்ல வளைவு. "அடுத்து நீங்க."

"மந்திரி அவர்களே, நான் ஜெனரல்."

"தெரியும். பூட்ஸைக் கழட்டுங்க."

"இது கேலிக்கூத்து."

"இது உத்தரவு."

அவர் குரலை உயர்த்தவே இல்லை. ஆனால் வலது காதை ஜெனரல் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு காத்திருந்தார். பதில் வரும்வரை கேட்பேன் என்று அதற்கு அர்த்தம். ஒரு நாள்கூடப் பட்டாளத்தில் இல்லாத ஒரு வாத்தியார் சொல்லி, நாலு நட்சத்திரம் குத்திய ஒருவர் குனிந்து கயிற்றை அவிழ்த்ததை என் கண்ணால் பார்த்தேன். அந்தக் கட்டடத்தில் அதற்கு முன் அப்படி ஒன்று நடந்ததில்லை.

ஜெனரல் காலை வைத்து எடுத்தார். தரையில் முழு ரொட்டி மாதிரி ஒரு தடம்.

எனக்கு அடக்க முடியாமல் சிரிப்பு வந்து, இருமுவதுபோல நடித்தேன். "இந்தக் காலோட இவ்வளவு தூரம் வந்திருக்கீங்க. இந்தப் பையனையும் விடுங்களேன்," என்றார் தமியானவ். முமின் அவசரமாகப் பக்லாவா டப்பாவைத் திறந்து ஜெனரல் முன் நீட்டினார். பாவம், அந்த நேரத்தில் வேறென்ன செய்வதென்று அவருக்குத் தோன்றவில்லை. ராஷ்கோவ் ஒன்றை எடுத்துக்கொண்டதைத்தான் என்னால் நம்ப முடியவில்லை.

மருத்துவக் குழுக்களை எல்லாம் மாற்றி அன்றைக்கே உத்தரவு தயாரானது. அது மாவட்டங்களுக்குப் போய்ச் சேருவதற்குள் பட்ஜெட் தகராறில் ஆட்சி கவிழ்ந்தது. தமியானவ் தன் சாமான்களை ஒரு துணிப்பையில் அடைத்துக்கொண்டார். விளக்கை அணைத்துவிட்டு, "அந்தப் பையன் காகிதம் என்னாச்சுன்னு மட்டும் பாத்துச் சொல்லுங்கம்மா," என்றார். தன் பதவி போனதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் போன பிறகு நான் உட்கார்ந்து அழுதேன்.

புது மந்திரி வருவதற்கு முன்பே ராஷ்கோவிடம் போனேன். காகிதத்தைக் கிழித்துப் போட்டிருப்பார் என்றுதான் நினைத்தேன். எர்ஜானை ப்ளொவ்டிவ் காலாட்படைக்கு மாற்றி ஏற்கனவே கையெழுத்துப் போட்டிருந்தார்.

"என்னம்மா அப்படிப் பாக்குற? அவன் காலை நானே பார்த்தேன்ல? பார்த்ததைப் பார்க்கலன்னு எப்படிச் சொல்றது?"

"மத்தப் பசங்க?"

"அவங்க காலை நான் பார்க்கல," என்றார். கதவைச் சாத்திக்கொண்டு வந்தேன். மருத்துவக் குழுக்களை மாற்றும் அந்த உத்தரவு அதற்குப் பிறகு பல வருஷம் மேசைக்கு மேசை இழுபட்டது.

வசந்தத்தில் எர்ஜானின் உறுதிமொழி விழாவுக்கு முமின் எங்கள் இரண்டு பேரையும் கூப்பிட்டார். தமியானவ் கப்ரோவோவிலிருந்து பஸ்ஸில் வந்தார், அதே மேல்கோட்டு. முகாம் வாசலில் காவலாள் தடுத்தான். "உறவுக்காரங்க மட்டும்தான். நீங்க யாரு?"

மந்திரியாக இருந்தேன் என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. முமின்தான் முந்திக்கொண்டார். "பையனோட தாய்மாமன்."

காவலாள் அடையாள அட்டையைப் பார்த்தான். மின்கோ தமியானவ். "துருக்கிக்காரப் பையனுக்கு மின்கோ மாமாவா?"

"எங்க அக்கா கல்யாண விஷயத்துல ரொம்ப பிடிவாதக்காரி," என்றார் தமியானவ், முகத்தைச் சிரிக்காமல் வைத்துக்கொண்டு. காவலாள் சிரித்து வழிவிட்டான்.

மைதானத்தில் பையன்கள் ஒவ்வொருவராக முன்னே வந்து, பெயரைச் சொல்லி, கொடியை முத்தமிட்டார்கள். எர்ஜான் முறை வந்தது. "எர்ஜான் முமின் ஹசன்!" ஒலிபெருக்கி அதிர்ந்தது. சின்ன வயசில் அவன் குடும்பத்தின் பெயர்களையே அரசாங்கம் பிடுங்கிக்கொண்டு பல்கேரியப் பெயர்களை ஒட்டியிருந்தது. திரும்பக் கிடைத்து ஓரிரு வருஷம்தான் ஆகியிருந்தது. அவன் தாயார் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். வலித்தது. நான் இழுக்கவில்லை.

விழா முடிந்து புல்லில் துணி விரித்து உட்கார்ந்தோம். வறுத்த கோழி, ஊறவைத்த மிளகாய், குடிக்க அய்ரான் மோர். படம் எடுப்பவர் வந்தார். "அப்பா கையில துப்பாக்கியைக் குடுப்பா, நல்லா இருக்கும்," என்றார். எங்கே போனாலும் வழக்கம் அதுதான். எர்ஜான் சரிபார்த்துவிட்டு நீட்டினான். முமின் கையைக் கோட்டில் துடைத்துக்கொண்டார். மறுபடி துடைத்தார். பிறகு இரண்டு கையாலும் வாங்கி, மேலும் கீழும் அசைத்துப் பார்த்தார்.

"கனமா இருக்கா அப்பா?" என்று கேட்டான் மகன்.

முமின் தமியானவைப் பார்த்துச் சொன்னார்: "கலவை அள்ளின மண்வெட்டியை விட லேசா இருக்குங்க. இதைக் குடுக்கவா எங்ககிட்ட இத்தனை வருஷம் பயந்தாங்க?"