ஆடு தாண்டாத வேலி

போன வாரம் என் வீட்டு வேலியைப் பற்றி இதே பத்திரிகையில் இதே இடத்தில் பீற்றிக்கொண்டேன். ஞாபகம் இருக்கிறதா? அதை அப்படியே வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

கீரமங்கலம் பக்கத்துச் செம்மண்ணில் வேலிக்கால் நட்டால் ஒரு மழைக்குத்தான் நிற்கும். ஓவர்சீயர் நண்பர் ஒரு யோசனை சொன்னார். காலுக்குப் பதில் கம்பி வலையில் இடுப்பு உயரக் கூண்டுகள் செய்து, உள்ளே கல்லை அடைத்து நிறுத்த வேண்டும். கூண்டுக்குக் கூண்டு வலையை இழுத்துக் கட்டினால் அசையவே அசையாதாம்.

கல்லுக்கு எங்கே போவது? கோடையில் குளம் வற்றிக் கிடந்தது. படித்துறைக்குக் கீழே வழவழவென்று கற்கள்... ரெண்டு வண்டி அள்ளினேன்.

வெளியூர் வண்டிக்காரர், "இம்புட்டுக் கல்லு இங்கிட்டு எப்படிங்க வந்துச்சு?" என்றார்.

"குளத்துல கல்லு கெடக்காம கருப்பட்டியா கெடக்கும்?" என்று சிரித்தேன்.

ஊர் ஆடுகள் எதையும் தாண்டும். இந்த வேலியை மட்டும் தாண்டவில்லை. பத்தடி தள்ளி நின்று கூண்டையே பார்க்கும். கத்தாது. எனக்கு ஒரே பெருமை.

செவ்வாய்க்கிழமை மோர் விற்கும் செல்லாயி கேட் அருகே வந்து நின்றவள் நகரவே இல்லை.

"என்ன ஆத்தா, மோர் புளிச்சிரப் போகுது."

"அய்யா, அந்த வெள்ளைக் கோடு போட்ட கல்லு எங்க முருகையனுதுங்க."

முருகையன் அவள் மகன். மலாயா எஸ்டேட்டில் இறந்துபோனான். கடுதாசி மட்டும்தான் வந்தது.

எங்கள் பக்கத்தில் இறந்தவருக்காக ஒரு கல்லை வைத்து, பால் ஊற்றி, கருமாதியன்று குளத்தில் போடுவோம். எனக்குத் தெரியாதா? தெரியும். அள்ளும்போது நினைவு வரவில்லை. சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

"தெனமும் நாந்தான் பால் ஊத்துனேன். அவன் ஒடம்ப நான் பாக்கலைங்க. அந்தக் கல்லுதாங்க அவன்."

கம்பியை வெட்டி எடுத்துக் கொடுத்தேன். முந்தானையால் துடைத்து இடுப்பில் வைத்துக்கொண்டாள். ரெண்டு எட்டு நடந்தவள் திரும்பினாள்.

"உங்க அய்யாவும் இதுக்குள்ளதான இருப்பாக?"

அப்பாவின் கல்லை அதே படித்துறையில்தான் போட்டேன். தோளுக்குப் பின்னால் போடு, திரும்பிப் பார்க்காதே என்றார்கள். பார்க்கவில்லை.

கூண்டு கூண்டாகக் குனிந்து தேடினேன். எனக்கு ஒரு கல்லையும் தெரியவில்லை. எல்லாக் கற்களுக்கும் என்னைத் தெரிந்த மாதிரி இருந்தது... ஒவ்வொன்றின் முன்னாலும் "அப்பா" என்று சொல்லிப் பார்த்தேன் — பெரிய மனுஷன் செய்கிற காரியமா?

எது அவர் என்று தெரியாததால் அத்தனையையும் புதன்கிழமை வண்டியேற்றி, என் கையாலேயே குளத்தில் இறக்கினேன். இந்தத் தடவை பார்த்துக்கொண்டே இறக்கினேன்.

வியாழக்கிழமை கூண்டுகளில் மலையில் உடைத்த புதுக்கல்லை நிரப்பியாயிற்று. அதே கம்பி, அதே உயரம்.

பொழுது சாய்வதற்குள் ஆடுகள் தாண்டி உள்ளே வந்துவிட்டன.