வெங்காயம் வெட்டிய பாட்டு

நான் இருந்தேன். மனைவி இருந்தாள். கொழும்பிலிருந்து காலை ரயிலில் கொட்டகலைக்கு வந்திறங்கிய மகள் இருந்தாள். லயத்து வரிசையில் பக்கத்துக் காம்பராவிலிருந்து மனைவியின் தம்பி, தேத்தண்ணிக் கோப்பையோடு வந்து வாசற்படியில் உட்கார்ந்திருந்தான்.

மனைவிக்கு ஒரு காது போய்விட்டது. மற்றதும் கொஞ்ச நாளில் போகும் என்று நுவரெலியா டாக்டர் சொல்லிவிட்டார். அவள் அழவில்லை. "போறதுக்குள்ள அந்தப் பாட்ட ஒருக்கா கேக்கணும்" என்றாள்.

அது ஒரு கறுப்பின அம்மா பாடிய பழைய இங்கிலீஷ் பாட்டு. சோல் இசை என்பார் எங்கள் தேயிலைத் தோட்டத்துத் துரை. அவர் பங்களாவில் நான் சமையல். ஞாயிற்றுக்கிழமை பகலில் துரை இசைத்தட்டு போடுவார். அந்த நேரம் ஹாலுக்குள் யாரும் கால் வைக்கக் கூடாது. குசினி ஜன்னலில் கேசட் ரெக்கார்டரை வைத்து, வேலையைப் பார்த்தபடியே பதிந்துகொண்டேன். அந்தக் கேசட் ஓடாத ஞாயிறு இரவு எங்கள் லயத்தில் இல்லை. கொழுந்தெடுத்துக் காய்த்த கையால் மனைவி தொடையில் தாளம் போடுவாள். பிறகு நாடாவில் பூஞ்சணம் பிடித்துப் போயிற்று.

மகள் போனையும் ஒரு சின்ன ஸ்பீக்கரையும் மேசையில் வைத்தாள்.

"இது லொஸ்லெஸ்ம்மா. பாடுனப்ப எப்படி இருந்துச்சோ அப்படியே. ஒரு பொட்டு கொறையாது."

பாட்டு வந்தது. அந்த அம்மா மூச்சு இழுப்பதுகூடக் கேட்டது. மனைவி நல்ல காதை ஸ்பீக்கரோடு ஒட்டிவைத்துக் கடைசிவரை கேட்டாள்.

"கொறையுதே" என்றாள்.

"என்னம்மா கொறையுது?"

"மத்த கொட்டெல்லாம் இருக்கு. அந்த டொக்கு டொக்கு இல்லையே. அதுதானே பாட்டே."

மச்சான் சிரித்தான். "ஒரு கொட்டுக்காரன் முந்துன ஸ்டேஷன் ஹட்டன்லயே எறங்கிட்டான் போலக்கா."

மகள் முகம் சுருங்கிவிட்டது. லீவு போட்டு வந்தவள். மனைவி தொடையில் தட்டிக் காட்டினாள். டொக், டொக், டொடொக்.

என் கைக்கு அது தெரிந்தது.

"அது கொட்டு இல்ல புள்ள. கட்லட்டுக்கு நான் வெங்காயம் வெட்டுனது."

"இத்தன வருசமா ஒங்க கத்திக்கா நான் தாளம் போட்டேன்?"

 பலகையும் கத்தியும் எடுத்துவந்து ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். மகளிடம், "போடு" என்றேன்.

ஒரு பாட்டுக்கு மூன்று வெங்காயம் ஆனது. மனைவியின் கை தொடையில் விழுந்தது. "ஆங், இதுதான்" என்றாள். முடிந்ததும், "இன்னொருக்கா" என்றாள். மச்சான் உரித்துக் கொடுத்தான். ஐந்து தடவை போட்டோம்.

பதினைந்து வெங்காயம்.