வெற்றுப் பாரத்தில் வாங்கிய கையெழுத்து

மார்ச் 11, செவ்வாய்க்கிழமை. வழக்கம்போல் ஐந்து மணிக்கு எழுந்து ஜெபித்தேன். ஐந்தே முக்காலுக்கு, தொழிலாளர்கள் வந்து கூடும் பெரட்டில் பேர் கூப்பிட்டேன். ஏழு மணிக்கு ஆபீஸைத் திறந்து, மழை அளவைப் பார்த்து எழுதினேன். ரெம்பாவ் பக்கத்துத் தோட்டத்தில் இருபத்திரண்டு ஆண்டுகளாக நான் கிராணி, அதாவது ஆபீஸ் எழுத்தர். பத்து மணிக்கு, எண்ணெய்ப்பனைக் குலை வெட்டும் முனியாண்டி வந்து நின்றார்.

“கிராணி ஐயா, லோயர் கடுதாசி வந்திருக்கு. பொண்ணு படிப்புக்கே ஆபத்து போல லா.”

வாசித்தேன். அவர் மகள் தர்ஷினி பல்கலைக்கழகத்தில் இரண்டாம் ஆண்டு மருந்தியல் படிக்கிறாள். அவள் படிப்புக்கு உபகாரச் சம்பளம் தரும் அறவாரியத்தின் வழக்கறிஞர் அனுப்பிய நோட்டீஸ் அது. விண்ணப்பத்தில், அவள் அண்ணன் பெற்றோருடன் இருந்துகொண்டு படிக்கிறான் என்று இருக்கிறதாம். உண்மையில் அவன் கல்யாணமாகி, போர்டிக்சனில் வேலை பார்த்துக்கொண்டு தனிக்குடித்தனம் இருக்கிறான். பொய்த் தகவல் என்பதால் உதவி ரத்து; இதுவரை பெற்றதையும் திருப்பித் தரவேண்டும். விளக்கம் இருந்தால் 25ஆம் தேதி சிரம்பானில் நடக்கும் விசாரணைக்கு வரலாம்.

அந்த விண்ணப்பப் பாரத்தை நிரப்பியவன் நான். எங்கள் தோட்டத்தில் பெற்றோர் வெற்றுப் பாரத்தில் கையெழுத்துப் போட்டு ஆபீஸில் வைத்துவிட்டுப் போவார்கள். மீதியைக் கிராணி எழுதுவார். நெடுநாள் பழக்கம். என் எழுத்தில் பிழை வராது என்று எனக்கு அத்தனை நம்பிக்கை. முனியாண்டிதான் ஏதோ தவறாகச் சொல்லியிருப்பார் என்று எண்ணினேன்.

மூன்று நாள் உபவாசமிருந்தேன். “ஆண்டவரே, பிழை எங்கே நடந்தது என்று காட்டும். அந்தப் பிள்ளைக்காக நான் பேசுகிறேன்” என்று கேட்டேன்.

வெள்ளிக்கிழமை ஜெபம் முடித்து எழுந்ததும், பாரம் நிரப்பிய ஆண்டின் நாட்குறிப்பை எடுத்துப் பார் என்று உள்ளத்தில் ஓர் ஏவுதல். எடுத்தேன். என் கையெழுத்திலேயே இருந்தது: ‘முனியாண்டி மகன் கல்யாணமாகிப் போர்டிக்சனில் வேலை, பாரத்தில் திருத்த வேண்டும்.’ திருத்தவில்லை. முன்பு அவள் அண்ணனுக்காக நிரப்பிய பழைய பாரத்தைப் பார்த்து அப்படியே எழுதிவிட்டேன்.

இப்படி ஒரு பதிலை நான் கேட்கவில்லை. நாட்குறிப்பை மூடிவைத்தேன். மூடிவிட்டு ஜெபிக்க முடியவில்லை. அன்று மாலையே முனியாண்டி வீட்டுக்குப் போய்ச் சொன்னேன்.

முனியாண்டி கோபப்படவில்லை. “விடுங்கய்யா. நான்தான் மாத்திச் சொன்னேன்னு எழுதிக் குடுத்துர்றேன். ஒங்க வேலைக்கு ஒண்ணும் ஆகக்கூடாது.”

விடுமுறைக்கு வந்திருந்த தர்ஷினி விடவில்லை. “அப்பா, அப்பறம் நம்ம பொய் சொன்ன குடும்பம்னுதானே ஆகும்? அங்கிள், நீங்க செஞ்ச தப்பை நீங்களே போய் சொல்லுங்க.”

சுருக்கென்றது. ஆனால் ஆண்டவர் அந்தப் பிள்ளையின் வாயால்தான் எனக்கு வழி காட்டினார். மானேஜரிடமும் சொல்லி எச்சரிக்கைக் கடிதம் வாங்கிக்கொண்டேன். 25ஆம் தேதி நாட்குறிப்பை எடுத்துக்கொண்டு, முனியாண்டியோடும் தர்ஷினியோடும் சிரம்பான் போனேன். விசாரணையில் நாட்குறிப்பின் அந்தப் பக்கத்தைத் திறந்து வைத்தேன்.

“கையெழுத்து மட்டும்தான் அவருடையது. எழுதியது முழுவதும் நான். அவர் உண்மையைச் சொன்னார், நான் எழுதவில்லை” என்றேன்.

அறவாரியத்தின் வழக்கறிஞர் அம்மா அந்தப் பக்கத்தை இரண்டு முறை படித்தார். “சரியாக எழுதியிருந்தாலும் இந்தப் பெண்ணுக்குத் தகுதி இருந்திருக்குமே” என்றார். கால் மணி நேரம் உள்ளே பேசினார்கள். திருத்திய பாரத்தை ஏற்று, நோட்டீஸைத் திரும்பப் பெற்றார்கள். தர்ஷினி வாசலில் அப்பாவைக் கட்டிக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன்.

அன்பானவர்களே, தவறு பிறரிடம் இருக்கிறது என்ற நிச்சயத்தோடு நான் ஜெபித்தேன். கர்த்தர் என்னைத் திருத்தி, அந்தப் பிள்ளையைக் காத்தார். நீங்களும் பயமில்லாமல் கேளுங்கள். பதில் உங்களையே சுட்டினாலும் எழுந்து போங்கள். அவர் முன்னே போவார்.

மறுநாள் புதன்கிழமை. பெரட்டில் பேர் கூப்பிடுமுன், இந்த ஆண்டுக்காகப் பெற்றோர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்த வெற்றுப் பாரங்களை எல்லாரிடமும் திருப்பிக் கொடுத்தேன். பிறகு, பிள்ளைக்காக விண்ணப்பிக்கும் வீராயி அக்காவை நாற்காலியில் உட்காரவைத்துப் புதுப் பாரத்தை விரித்தேன். “அக்கா, இப்ப ஒங்க வீட்ல யார் யார் இருக்காங்க?” என்று கேட்டேன்.