டீசலுக்காக டெலிவிஷனில்

எங்கள் ஊரில் ஒரு வீட்டிலும் இல்லாத பெட்டியில் என் முகம் தெரியப்போகிறது என்பதற்காக, கொளுத்தும் வெயிலில் கல்யாணக் கோட்டை மாட்டிக்கொண்டு மெட்ராஸுக்கு ரயில் ஏறியவன் நான். அப்போது முப்பது தாண்டியிருந்தது. அறியாப் பருவம் என்று தப்பிக்கவும் வழியில்லை.

எண்பதுகளின் தொடக்கம். பாலக்காட்டுக்குக் கிழக்கே, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி, கேரளத்துப் பக்கம் எங்கள் தோட்டம். இரண்டு ஏக்கர் நிலக்கடலை காய் பிடிக்கிற நேரம். கிணற்றில் தண்ணீர் இருந்தது, மோட்டாருக்கு டீசல் இல்லை. எங்கோ சண்டையாம், எண்ணெய் வரத்துக் குறைந்துவிட்டதாம். மெட்ராஸ் டெலிவிஷனில் போரையும் பொருளாதார மந்தத்தையும் பற்றிக் கட்சிக்காரர்கள் விவாதிக்கிறார்கள், வந்திருப்பவர்களும் கேள்வி கேட்கலாம் என்று அங்கிருந்த மைத்துனர் எழுதினார். கேட்டே தீருவது என்று கிளம்பினேன்.

"கடலை வாடுது, நீங்க கோட்டு மாட்டறீங்க," என்றாள் மனைவி.

"கேக்கற எடத்துல கேட்டாத்தான் வரும்."

மெட்ராஸில் பெட்ரோல் பங்குகளில் வரிசையே இல்லை. வயிறெரிந்தது. அதையும் கேள்வியில் சேர்த்துக்கொண்டேன்.

விளக்கு வெளிச்சத்தில் இரண்டு கட்சிக்காரர்கள், நடுவே ஒரு பேராசிரியர். போரால்தான் மந்தம் என்றார் ஒருவர். மந்தத்தால்தான் போர் என்றார் மற்றவர். இரண்டும் சரி என்றார் பேராசிரியர். மைக் என்னிடம் வந்தது. வீட்டில் தமிழ், சர்க்கார் ஆபீஸில் மலையாளம் என்று பழகிய வாய் எங்களுடையது. மேஜைக்குப் பின்னால் மூன்று பேரைக் கண்டதும் தாலுகா ஆபீஸ் என்று நினைத்துவிட்டது.

"சாரே, ஞங்ஙள்க்கு டீசல் கிட்டுன்னில்லா..."

"தமிழ்ல கேளுங்க சார்," என்றார் நிகழ்ச்சி நடத்தியவர். சிரிப்பு. கோட்டுக்குள் வியர்வை ஓடியது. உட்கார்ந்துவிடலாமா என்றிருந்தது. சுருண்ட கடலை இலை கண்ணில் வந்து நின்றது. உட்காரவில்லை.

"இங்க பங்குல வரிசையே இல்லீங்க. எங்கூர்ல பத்து நாளா ஒரு சொட்டு இல்லீங்க. கடலை காயுது. எப்பங்க டீசல் வரும்?"

"உலக நிலைமை சீரானதும்," என்றார் முதல் கட்சிக்காரர்.

"அது எப்பங்க?"

பேராசிரியர் கண்ணாடியைத் துடைத்தார். நேரம் முடிந்தது என்றார்கள்.

ஊர் திரும்பினால், மனைவி பக்கத்துத் தோட்டத்து மாடுகளை இரவல் வாங்கிப் பூட்டிக் கிணற்றுத் தண்ணீரை இறைத்துக்கொண்டிருந்தாள். பாதிக் கடலைக்காடு நனைந்திருந்தது. மீதிப் பாதி எனக்காகக் காத்திருந்தது. கோட்டைக் கூடக் கழற்றாமல் வரப்பில் நின்று, வரிசையில்லாத பங்குகள் முதல் பேராசிரியரின் கண்ணாடி வரை வீராவேசமாகச் சொல்லி முடித்தேன்.

மாட்டை நிறுத்திவிட்டுக் கேட்டாள்: "ஏனுங்க, அங்கதான் கெடைக்குதுன்னு கண்ணால பாத்தீங்கல்ல? வாரப்ப ரெண்டு டின்னு வாங்கியாந்திருக்கலாமல்லங்க?"