தேவாலயத்தில் நான் துவைத்த கொடி

போன வருடம் வசந்த காலத்தில் நடந்தது இது. ஜேர்மனியின் எசன் நகரத்திலிருந்து ரயிலில் போனால் ஒன்றரை மணி நேரத்தில் வரும் ஒரு சிறிய நகரத்தில் அப்போது துப்புரவு வேலை செய்துகொண்டிருந்தேன். ஒரு காலத்தில் அங்கே பிரித்தானிய இராணுவ முகாம் இருந்தது. படைகள் ஊர் திரும்பிவிட்டன. முகாம் கட்டடங்களில் பாதியில் அகதிகளும் பாதியில் மாணவர்களும் இருந்தார்கள். எனக்கும் அங்கேதான் ஓர் அறை.

என்னைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. பள்ளிக்கூடம் பாதியில் நின்றது. பிறகு கொழும்பு, மொஸ்கோ, உக்ரேன் காடு, அப்புறம் ஜேர்மனி. இங்கே வந்தும் ஓரிடத்தில் கால் தரிக்கவில்லை. கோப்பை கழுவினேன், வயலில் குனிந்து நின்றேன், இறைச்சி ஆலையின் குளிரில் வேலை செய்தேன். இந்தத் துப்புரவு வேலையைத் தந்தவர் எங்கள் ஊர்ப்பக்கத்து அண்ணை ஒருவர். சின்னதாக ஒரு நிறுவனம் வைத்திருந்தார். அந்த நகரத்துத் தேவாலயம்தான் அவருக்குக் கிடைத்த நல்ல ஒப்பந்தம். என் விசாவை நீட்டிக்கத் தேவையான வேலைக் கடிதமும் அவர் கையெழுத்துப் போட்டதுதான்.

வெள்ளிக்கிழமைகளில் நான் தரை துடைக்கும்போது ஒரு வயதானவர் வந்து இடதுபக்க வாங்கில் உட்காருவார். முன்னாள் பிரித்தானியச் சார்ஜன்ட். உள்ளூர்ப் பெண்ணைக் கட்டி, தன் படைப்பிரிவான ரெஜிமென்ட் போன பிறகும் இங்கேயே தங்கிவிட்டவர். அவருடைய ஜேர்மன் மொழி ஆங்கிலம் கலந்து வரும். என்னுடையது அதைவிட மோசம். அதனால் ஒருவரையொருவர் நன்றாகப் புரிந்துகொண்டோம்.

அவர் உட்காரும் இடத்துக்கு மேலே, சுவரில், கம்பு ஒன்றில் ஒரு பழைய பட்டுக்கொடி தொங்கும். கொடி என்று சொன்னால்தான் கொடி. தேயிலைச் சாயத்தில் நனைத்ததுபோல நிறம், கீழ்ப்பக்கமெல்லாம் நாராகக் கிழிந்திருக்கும். அதைப் பார்த்துக்கொண்டே தன் ரெஜிமென்டின் கதையைச் சொல்வார். இங்கிலாந்தின் வடக்கே நிலக்கரிச் சுரங்கமும் நூல் ஆலையும் இருந்த ஒரு மாவட்டத்துப் பிள்ளைகள்தான் அதில் சேருவார்களாம். முதலில் மலைப்பக்கத்துக்கு ஒன்று, சமவெளிக்கு ஒன்று என இரண்டு ரெஜிமென்டுகள். தலைமுறை தலைமுறையாக ஒன்றை ஒன்று நக்கலடித்தே வளர்ந்தவை. அரசாங்கம் ஒருநாள் இரண்டையும் ஒன்றாக்கிவிட்டது. பிறகு அதையும் வேறொன்றோடு சேர்த்தது. அவர் ஓய்வுபெற்ற பிறகு எல்லாவற்றையும் கூட்டி ஒரே பெரிய ரெஜிமென்டாக்கிப் பழைய பெயரையே எடுத்துவிட்டார்கள்.

"படுத்த கட்டில் அதேதான்" என்று சிரிப்பார். "விடிய எழும்பினா வேற ரெஜிமென்ட். தொப்பிச் சின்னமும் வேற, பொத்தானும் வேற. ஆனா குறட்டை விடுறவன் அவனேதான்."

பெயர்கள் மாறினாலும், முன்பிருந்த ரெஜிமென்டுகள் சண்டையிட்ட இடங்களின் பெயர்களை அடுத்ததன் கொடியில் தைப்பார்களாம். அப்படி ஸ்பெயின், இந்தியா, பிரான்ஸ் என்று பல ஊர்கள் அந்தப் பட்டில் இருந்தன. அந்தக் கடைசிச் சேர்ப்பில் ரெஜிமென்ட் கலைந்தபோது படையினர் இந்த முகாமில்தான் இருந்தார்கள். அப்போதே மிகப் பழையதாயிருந்த கொடியை இந்தத் தேவாலயத்தில் விட்டார்கள். நான் துடைப்பானை இழுத்துக்கொண்டே அரைக்காதால் கேட்பேன்.

"ஒவ்வொரு வருஷமும் கொஞ்சம் கொஞ்சமா உதிர்ந்துகொண்டு போகுது, பார்" என்று அவர் அடிக்கடி சொல்வார். வாங்குக்குக் கீழே விழுந்த நூல்களைக் கூட்டுபவன் நான்தான். அவர் அப்படிச் சொல்வதைக் கவலை என்று நினைத்தேன். எங்கள் கோயிலில் கொடியேற்றத்துக்குப் புதுச்சீலை இல்லாமல் யாராவது கொடி ஏற்றுவார்களா? கடவுள் இருக்கிற இடத்தில் கந்தலைத் தொங்கவிட்டிருக்கிறார்களே, இதைக் கவனிக்க ஆளில்லையே என்று எனக்குள் ஒரு எரிச்சல்.

ரெஜிமென்டின் நாள் ஒன்று உண்டு. சுற்றுவட்டாரத்தில் தங்கிவிட்ட பழைய படைவீரர்கள் ஆண்டுக்கொருமுறை அந்த ஞாயிறு மனைவிமாரோடு வந்து கொடியின் கீழ் நிற்பார்கள். அதற்கு முதல்நாள் சனிக்கிழமை ஒட்டடை அடிக்க ஏணி வைத்தேன். அவருக்கு ஒரு சந்தோஷமாக இருக்கட்டும் என்று கொடியைக் கழற்றி, கீழே கொதிகலன் அறைக்குக் கொண்டுபோய், வெதுவெதுப்பான தண்ணீரில் கம்பளித் துணிக்குப் போடும் மென்மையான சவர்க்காரம் கரைத்து அமிழ்த்தினேன்.

தண்ணீர் உடனே கறுத்தது. பிறகு சிவந்தது. தூக்கியபோது ஈரக் கடதாசிபோல கையோடு வந்தது. தைத்திருந்த எழுத்துக்கள் ஒவ்வொன்றாகக் கழன்று தண்ணீரில் சுற்றின. அந்த நேரமே தெரிந்துவிட்டது, நான் செய்தது திருத்த முடியாத காரியம் என்று.

அண்ணை வந்து எட்டிப் பார்த்தார்.

"டேய், இது என்னடா?"

"கொடி அண்ணை."

"கொடியோ? கஞ்சி மாதிரி இருக்கு. ஆர் உனக்குக் கழுவச் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. ஊத்தையா இருந்தது."

தலையில் கைவைத்துக்கொண்டு நின்றார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "வாயைத் திறக்காத. இத்துப்போய்த் தானா விழுந்தது எண்டு நான் சொல்லுறன். இந்த ஒப்பந்தம் போனா எனக்கு மட்டுமில்லையடா, உன்ர விசாவும் போச்சு."

துண்டுகளைப் பத்திரிகைத் தாளில் பரப்பி கொதிகலன் பக்கத்தில் உலர வைத்தேன்.

ஞாயிறு காலை முதல் ஆளாகச் சார்ஜன்ட் வந்தார். கதிரை அடுக்கிக்கொண்டிருந்தேன். வெறும் கம்பைப் பார்த்தார். பிறகு என் கைகளைப் பார்த்தார். விரலெல்லாம் சிவப்புச் சாயம், தேய்த்தும் போகவில்லை. நான் அவரைக் கீழே கூட்டிப்போனேன்.

தாளில் கிடந்ததைப் பார்த்துவிட்டு, கவிழ்த்துவைத்த வாளியில் உட்கார்ந்தார். ஒரு துண்டைத் தொடப் போய்க் கையை இழுத்துக்கொண்டார். சண்டை போடவில்லை. அப்படிப்பட்ட கொடிகளைக் கழுவுவதில்லை, கிழிசல் தைப்பதுமில்லை என்று விளக்கினார். தேவாலயத்தில் வைத்துவிட்டால் அது தானாக உதிர்ந்து தூசியாக வேண்டும், அதைத் தூக்கிக்கொண்டு நடந்தவர்கள் மண்ணானதுபோல. உதிர்வதைப் பார்க்கத்தான் அவர் வெள்ளிக்கிழமைகளில் வந்தார். சொந்த ஊரில் போரில் இறந்தவர்களின் கல்லறைகளை இடித்து மட்டமாக்கிய சேதி கேட்டுச் சாப்பிடாமல் கிடந்தவன் நான். அவர் முன்னால் நிற்க முடியவில்லை.

"உனக்கு வேலை போகுமோ?" என்று கேட்டார்.

"ஓம். விசாவும்."

எழுந்து, கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு, மேலே போனார்.

எல்லோரும் வந்து வெறும் கம்பைப் பார்த்துத் திகைத்தபோது, தேவாலயத்துப் பெண் போதகர் என்னவென்று கேட்க, அவரே முன்னால் வந்து சொன்னார். கொடி யார் தலையிலாவது விழுந்துவிடும் என்று பயந்து தானே கழற்றியதாகவும், புத்திகெட்டுக் கழுவியதாகவும், அது நைந்துபோனதாகவும் சொன்னார். அவருடைய மனைவி மட்டும் என் விரல்களைப் பார்த்தார். பிறகு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

கொடி இல்லாமலேயே கம்பின் கீழ் நின்று, அதிலிருந்த ஊர்ப் பெயர்களை மனப்பாடமாகச் சொன்னார் சார்ஜன்ட். வழக்கமாகத் தோளோடு தோள் நிற்பவர்கள் அன்றைக்கு அவரை விட்டு ஒரு ஆள் இடம் தள்ளி நின்றார்கள்.

பிறகு மண்டபத்தில் கோப்பியும் கேக்கும். பரிமாறுவதும் என் வேலை. கோப்பிக் கூஜாவோடு மேசை மேசையாகச் சுற்றினேன். அவரும் மனைவியும் இருந்த மேசைக்கு வேறு யாரும் போகவில்லை. வாசலில் நின்ற அண்ணை, பேசாதே என்று கண்ணால் காட்டினார். நானும் பேசவில்லை. ஒவ்வொரு கோப்பையாக ஊற்றினேன், பால் வேண்டுமா என்று கேட்டேன், சீனி எடுத்துக்கொடுத்தேன். படைக்காலத்தில் சார்ஜன்டோடு ஒரே அறையில் படுத்து எழும்பிய பழைய நண்பர் ஒருவர், அவருக்குக் கேட்கும்படியாகவே சொன்னார்: "என்ர உயிரையே இவனிட்ட நம்பிக் குடுத்திருந்தனான். ஒரு துண்டுத் துணியை நம்பிக் குடுக்க ஏலாமப் போச்சு."

சார்ஜன்ட் கோப்பையைக் குடிக்காமலே தட்டில் வைத்தார். நான் கூஜாவை வைத்துவிட்டேன்.

"அவர் இல்லை. நான்தான் கழுவினது" என்றேன். எனக்குத் தெரிந்த ஜேர்மனில் அவ்வளவுதான் வந்தது. இரண்டு கைகளையும் தூக்கிக் காட்டினேன்.

"ஏன்?" என்று யாரோ கேட்டார்கள்.

"ஊத்தையா இருந்தது."

ஒரு பெண்மணி அடக்க முடியாமல் சிரித்துவிட்டார். பிறகு இன்னொருவர். பிறகு மண்டபமே சிரித்தது. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அந்தச் சிரிப்பில் கெட்ட எண்ணம் இல்லை. அதனால்தான் நிலம் பிளந்து உள்ளே போய்விடலாம் போலிருந்தது.

சார்ஜன்ட் மட்டும் சிரிக்கவில்லை. "ஆயுசில முதல்தரம் தேவாலயத்துக்குள்ள பொய் சொன்னனான்" என்றார். "அதையும் வீணாக்கிப் போட்டாய்." சொல்லிவிட்டுப் பக்கத்துக் கதிரையைக் காலால் தள்ளினார், உட்காரச் சொல்லி. அந்த நண்பர் எழுந்து வந்து அவர் தோளில் கையை வைத்தார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை.

மிச்சமிருந்த துண்டுகளை அன்றே கம்பில் கட்டிவிடத் தீர்மானித்தார்கள். ஏணியில் ஏறக்கூடியவன் நான் ஒருவன்தான். கீழே நின்று சார்ஜன்ட் ஒவ்வொரு துண்டாக எடுத்துத் தந்தார். "காலம் செய்யிற வேலையை நீ கொஞ்சம் கெதியாச் செய்துபோட்டாய், அவ்வளவுதான்" என்றார். நான் அடுத்த துண்டுக்குக் கையை நீட்டினேன்.

அண்ணைக்கு அந்த ஒப்பந்தம் தொடரவில்லை. போதகர் மரியாதையாகவே சொல்லி அனுப்பினார். அண்ணை என்னைத் திட்டவுமில்லை, கார்ல்ஸ்ரூஹே நகரத்தில் ஒரு தெரிந்தவரிடம் எனக்காகப் பேசி வேலைக் கடிதமும் வாங்கித் தந்தார். ரயில் ஏற்றிவிட வந்தபோது, "அங்க போய் எதையாவது கழுவுறதெண்டா முதல்ல கேட்டிட்டுக் கழுவு" என்றார். அந்த ஒப்பந்தம் போனதில் அவர் வீட்டில் எவ்வளவு கஷ்டம் என்று இன்றுவரை எனக்குச் சொல்லவில்லை.

கொடியைக் கழுவியதை ஒரு மாதிரி மனதில் ஆற்றிக்கொண்டேன், தெரியாமல் செய்தது. ஆனால் எனக்காக அவர் பொய் சொன்ன பிறகும், தெரிந்துகொண்டே, கோப்பிக் கூஜாவைத் தூக்கிக்கொண்டு ஒவ்வொரு மேசையிலும் "பால் வேண்டுமா" என்று கேட்டுத் திரிந்தேனே, அந்தக் கொஞ்ச நேரத்தை நினைத்தால் இன்றைக்கும் என் முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று எனக்குத் தெரிவதில்லை.