கனவுக் கண்மாயின் சட்டம்

அப்போது எனக்குப் பத்து வயது, தங்கைக்கு எட்டு. திருச்சுழிக்குப் பக்கத்தில் மானாவாரி நிலத்தை நம்பிப் பிழைத்த குடும்பம் எங்களுடையது. நாங்கள் இருவரும் ஒரே பாயில் படுப்போம். ஒரே கனவுக்குள் போவதாகவும் நம்பினோம். காலையில் முகம் கழுவுவதற்கு முன் ஒருத்தி சொல்லத் தொடங்குவாள், அவள் விட்ட இடத்திலிருந்து மற்றவள் தொடர்வாள். உண்மையிலேயே ஒன்றைத்தான் கண்டோமா, சொல்லிச் சொல்லி ஒன்றாக்கிக்கொண்டோமா என்று இன்று என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

அந்தக் கனவுக்குள் எதிர்க்கரை தெரியாத ஒரு கண்மாய் இருந்தது. சட்டமெல்லாம் தங்கைதான் போடுவாள். அங்கே யாரையும் பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. புதுச் சட்டம் போட வேண்டுமானால் இருவரும் அங்கே கைகோத்து நின்று மூன்று தரம் சொல்ல வேண்டும். எல்லாவற்றிலும் பெரிய சட்டம், அங்கே ஒரு வாய்த் தண்ணீர்கூடக் குடிக்கக் கூடாது என்பது. குடித்தவர்கள் வீடு திரும்ப முடியாது.

இது அவளுக்கு எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். பெரியப்பா சாகக் கிடந்தபோது உறவுக்காரர்கள் ஒவ்வொருவராக அவர் வாயில் பால் விட்டார்கள். தங்கையையும் விடச் சொன்னார்கள். அவள் விட்ட பால் உள்ளே இறங்கியது. அதோடு மூச்சும் நின்றது. அவள் யாரிடமும் ஒன்றும் கேட்கவில்லை. கொஞ்ச நாள் கழித்து இந்தச் சட்டத்தைப் போட்டாள்.

அந்தக் கோடையில் அவளுக்கு விஷக் காய்ச்சல் கண்டது. யுத்த காலம், மருந்து கிடைப்பது பெரும்பாடு. அப்பாவை ஐயா என்றுதான் கூப்பிடுவோம். ஐயா திருச்சுழியிலிருந்து கம்பவுண்டரை வண்டியில் கூட்டி வந்தார். அவர் அவள் கைத்தோலைக் கிள்ளிப் பார்த்தார். கிள்ளிய மடிப்பு அப்படியே நின்றது.

"இருக்குற மருந்தக் குடுக்கேன். ஆனா தண்ணி உள்ள போகணும். போகலேன்னா பொழுது சாயுற வரைக்கும் தாங்குறது கஷ்டம்" என்றார்.

அம்மா சங்கில் தண்ணீர் எடுத்துப் புகட்டப் போனாள். தங்கை பல்லைக் கடித்துக்கொண்டாள். ஐயா தாடையைப் பிடித்தார். கரண்டிக் காம்பை இடுக்கிப் பார்த்தார்கள். உதடு கிழிந்து ரத்தம் வந்ததே தவிர வாய் திறக்கவில்லை. அம்மா சங்கைக் கீழே வைத்துவிட்டு, "எதுவோ புடிச்சிருக்கு. கோடாங்கியக் கூப்புடுங்க" என்றாள். பேயோட்டுகிறவரைக் கூட்டி வர ஐயா செருப்பை மாட்டினார்.

"குடிச்சா திரும்பி வர முடியாதுன்னு பயப்படுறா" என்றேன் நான்.

யாருக்கும் விளங்கவில்லை. விளக்கிச் சொல்ல எனக்கும் வரவில்லை. பட்டப்பகலில் அவள் பக்கத்தில் படுத்துக் கண்ணை மூடி, கொதிக்கிற அவள் கையைக் கோத்துக்கொண்டேன். தூக்கம் வரவில்லை. வராது என்றும் தெரியும்.

"நான் வந்துட்டேன்" என்றேன்.

பிறகு மூடிய பல்லுக்குள்ளிருந்தே கேட்டாள். "எங்க நிக்கே?"

"ஒனக்குப் பக்கத்துல. கரையில."

"தண்ணிய என் வாயில ஊத்துறாக."

"அது கண்மாய்த் தண்ணி இல்ல. வீட்டுத் தண்ணி. நான் கொண்டாந்தேன்."

"சட்டத்துல அப்படி இல்லையே."

"இப்பப் போடுவோம். வீட்டுத் தண்ணியக் குடிக்கலாம். நீயும் சொல்லு."

நான் சொன்னேன். அவள் சொல்லவில்லை. அவள் கை என் கைக்குள் தளர்ந்தது. அம்மா வாயைப் பொத்திக்கொண்டு அழுதது கேட்டது. நான் மறுபடியும் சொன்னேன். இந்தத் தடவை அவள் உதடு அசைந்தது. மூன்று தரமும் சொல்லி முடிப்பதற்குள் அவளுக்கு மூச்சு வாங்கியது.

"வீட்டுத் தண்ணின்னு எப்படித் தெரியும்?" என்றாள்.

கண்மாய்த் தண்ணீரை நாங்கள் குடித்ததே இல்லை. ஆனாலும் அது இனிப்பாக இருக்கும் என்று முன்பே முடிவு செய்திருந்தோம்.

"நாக்குல வச்சுப் பாரு. நம்ம கிணத்துத் தண்ணி உப்புக் கரிக்கும்."

நான் கண்ணைத் திறந்து அம்மாவைப் பார்த்தேன். அவள் விரலை நனைத்துத் தங்கையின் உதட்டில் தடவினாள். தங்கை நாக்கை நீட்டித் தொட்டுப் பார்த்தாள். நாங்கள் எல்லாரும் அந்த நாக்கையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

அவள் வாயைத் திறந்தாள்.

அம்மா சங்கு சங்காகப் புகட்டினாள். பொழுது சாய்ந்தபோது அவள் நெற்றி இன்னும் சுட்டது. ஆனால் மூச்சு சீராக வந்தது. கம்பவுண்டர் நாடியைப் பிடித்துப் பார்த்துவிட்டு, போகாமல் அங்கேயே உட்கார்ந்து ஒரு சொம்பு மோர் வாங்கிக் குடித்தார்.

மறுநாள் காலையில் அம்மா என்னைத் தனியாக அடுப்படிக்குக் கூட்டிப் போனாள். அடிப்பாள் என்று நினைத்தேன்.

"அங்க வேற என்னென்ன சட்டம் இருக்கு? ஒண்ணு விடாமச் சொல்லு" என்றாள்.

எல்லாவற்றையும் சொன்னேன். பால் விட்டதையும் சொன்னேன். ஊர்க்கூட்டத்தில் பேசுவதைக் கேட்பதுபோல் கவனமாகக் கேட்டாள். பிறகு போய்த் தங்கையை மடியில் போட்டுக்கொண்டு மெதுவாக என்னவோ பேசினாள். பெரியப்பா என்ற சொல்லும் தங்கை அழுததும் மட்டும் எனக்குக் கேட்டன.

அவளுக்கு முடியெல்லாம் கொட்டிப்போனது. சுவரைப் பிடித்து நடக்கவே பல நாள் ஆனது. கொஞ்சம் தேறிய பிறகு ஒரு காலையில், "நேத்து ராத்திரி எங்க போனே?" என்று அவளைக் கேட்டேன்.

"எங்கயும் போகலே. தூங்குனேன்" என்றாள். பசிக்கிறது என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.